பக்கத்துக் கட்டில்காரர் கொடுத்த பத்திரிகை

பெரியப்பா இறந்த பதினாறாம் நாள். காரியம் முடிந்து, பந்தியும் முடிந்து, வாசல் பந்தலில் பிளாஸ்டிக் நாற்காலிகளை வட்டமாகப் போட்டு உட்கார்ந்திருந்தோம். வெற்றிலைத் தட்டு கைமாறிக்கொண்டிருந்தது. பெரியப்பா முப்பது வருடத்துக்கு மேல் அரசு அலுவலகம் ஒன்றில் எழுத்தராக இருந்தவர். வீட்டில் அதிகம் பேசமாட்டார். அன்றைக்கு அவரைப் பற்றி எல்லோரும் பேசினார்கள். கூட வேலை பார்த்த ஒருவர், "அண்ணாச்சி ஒரு ஃபைலைக்கூட தன் மேஜையில ராத்தங்க விட்டதில்ல" என்றார். மாமா ஒருவர், "சட்டம் பேசியே காலத்தை ஓட்டிட்டாரு, யாருக்கு என்ன செஞ்சாரு?" என்றார். பந்தலின் ஓரத்தில், எங்களில் யாருக்கும் தெரியாத ஓர் அம்மாள் உட்கார்ந்திருந்தார். தன் பென்ஷன் காகிதத்துக்காகப் பெரியப்பா நான்கு தடவை சொந்தக் காசில் பஸ் ஏறிப் போய்வந்ததை அவர் மெதுவாகச் சொன்னார். பெரியம்மாவுக்கே அது தெரியாது.

அந்த நாற்காலியில் இருக்கும்போதே எனக்கு 'இகிரு' படம் ஞாபகம் வந்துவிட்டது. அகிரா குரோசாவாவின் 1952ஆம் வருடத்துப் படம். புற்றுநோய் வந்து, சாவு நெருங்கிவிட்டது என்று தெரிந்துகொண்ட வதனாபே என்ற நகராட்சி அதிகாரி, சாக்கடை தேங்கிய ஓர் இடத்தைக் குழந்தைகள் பூங்காவாக மாற்றப் போராடும் கதை. அவர் அந்த வேலையில் இறங்கத் தீர்மானிக்கும் இடத்தில் சட்டென்று படம் அறுந்து, அடுத்த காட்சியில் அவருடைய புகைப்படம் மட்டும் இருக்கிறது. ஆள் போய்விட்டார். மிச்சக் கதை முழுவதையும் எழவு வீட்டில் உட்கார்ந்து குடித்துக்கொண்டிருக்கும் சக ஊழியர்கள் ஆளுக்கொரு துண்டாகச் சொல்கிறார்கள். ஒருவர் குறைத்துச் சொல்கிறார், ஒருவர் மறுக்கிறார், ஒருவர் அழுகிறார். நாயகனைப் பாதியில் சாகடித்துவிட்டு மற்றவர்கள் வாயில் அவன் கதையை வைக்கலாம் என்று யாருக்குத் தோன்றியிருக்கும்? இந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டு போனபோதுதான் ஷினோபு ஹஷிமோடோ என்ற பெயரிடம் வந்து நின்றேன். 'ரஷோமான்', 'இகிரு', 'ஏழு சாமுராய்கள்' மூன்றையும் எழுதியவர்களில் ஒருவர். குரோசாவாவின் பெயர் நம் ஊரில் சினிமா பிடித்த கல்லூரிப் பையன்களுக்கெல்லாம் தெரியும். ஹஷிமோடோவைப் பற்றித் தமிழில் யாராவது நீளமாகப் பேசிக் கேட்டதில்லை. அதனால் எழுதுகிறேன்.

அவர் 1918 ஏப்ரல் 18 அன்று ஜப்பானின் ஹியோகோ மாகாணத்தில் ஒரு கிராமத்தில் பிறந்தார். இருபது வயதில் ராணுவத்தில் சேர்ந்தார். சேர்ந்த கொஞ்ச நாளிலேயே காசநோய். மருந்து கண்டுபிடிக்கப்படாத காலம் அது. காசநோய் என்றால் படுத்துக் காத்திருப்பதுதான் வைத்தியம். ஒகாயாமாவில் நோயுற்ற படைவீரர்களுக்கென்று இருந்த சானடோரியத்தில் நான்கு வருடம் கிடந்தார். அவரோடு சேர்ந்த படைப்பிரிவு ஆட்கள் போர்முனைக்குப் போனார்கள். இவர் கூரையைப் பார்த்துக்கொண்டு படுத்திருந்தார்.

ஒருநாள் பக்கத்துக் கட்டிலில் இருந்த நோயாளி, பொழுது போகட்டும் என்று ஒரு சினிமாப் பத்திரிகையைக் கொடுத்தார். அதன் கடைசிப் பக்கங்களில் ஒரு திரைக்கதை அச்சாகியிருந்தது. ஹஷிமோடோ அதுவரை திரைக்கதை என்று ஒன்றைப் பார்த்ததே இல்லை. படித்து முடித்துவிட்டு, இவ்வளவு சுலபமானதா இது, இதை நானே எழுதிவிடுவேனே என்று சொன்னாராம். அப்புறம் அவர் கேட்ட கேள்விதான் முக்கியம். ஜப்பானிலேயே பெரிய திரைக்கதை ஆசிரியர் யார்? மன்சாகு இடாமி என்று பதில் வந்தது. சரி, நான் ஒன்று எழுதி அவருக்கே அனுப்புகிறேன் என்றார். சுலபம் என்று நினைத்ததை எழுதி முடிக்க மூன்று வருடம் பிடித்தது. சானடோரியத்து வாழ்க்கையைப் பற்றிய கதை, பெயர் 'மலைச் சிப்பாய்கள்'. சொன்னபடி அனுப்பிவைத்தார். இடாமியிடமிருந்து பதில் வந்தது. எங்கெங்கே குறை என்று விளக்கமாக எழுதிய பதில்.

முகம் தெரியாத ஒரு நோயாளியின் கையெழுத்துப் பிரதியை நாட்டின் முதல் வரிசை இயக்குநர் ஒருவர் உட்கார்ந்து படித்துப் பதில் போட்டிருக்கிறார். அப்போது இடாமியும் அதே காசநோயோடு படுக்கையில்தான் இருந்தார். இந்த இடத்தை வாசித்தபோது நான் ஹஷிமோடோவைப் பற்றிய புத்தகத்தை மூடிவைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் சும்மா இருந்தேன். இடாமியின் மகன்தான் பிற்காலத்தில் பெயர்பெற்ற இயக்குநர் ஜூஸோ இடாமி; மருமகன் நோபல் பரிசு வாங்கிய கென்ஸாபுரோ ஓயே. ஓயேவைப் படித்த தமிழ் வாசகர்களுக்கு இந்த உறவுமுறை சுவாரஸ்யமாக இருக்கும்.

உடம்பு கொஞ்சம் தேறி வெளியே வந்ததும் ஹஷிமோடோ ஹிமேஜியில் ஒரு கம்பெனியில் வேலைக்குப் போனார். போகவர ரயில். அந்த ரயிலில்தான் எழுதினார். மடியில் பலகை வைத்து, ஆட்டத்தில் எழுத்து கோணினாலும் விடாமல், தினமும். எழுதியதைக் கியோட்டோவில் இருந்த இடாமியிடம் கொண்டுபோய்க் காட்டுவார். சினிமா உலகத்தோடு வேறு ஒட்டும் இல்லை, உறவும் இல்லை.

ஒரு சந்திப்பில் இடாமி கேட்டார்: வேறொருவர் எழுதிய கதையைத் திரைக்கதையாக்கும்போது எதை முக்கியமாகப் பார்க்க வேண்டும்? ஹஷிமோடோ சொன்ன பதில் ஜப்பானியத் திரைக்கதை உலகில் எல்லோருக்கும் தெரிந்த ஒன்று. ஒரு மாடு இருக்கிறது. வேலி போட்ட இடத்தில் நிற்கிறது, தப்பமுடியாது. நான் தினமும் போய் அதைப் பார்க்கிறேன். இந்தப் பக்கம் நின்று, அந்தப் பக்கம் நின்று, நாள்கணக்கில் பார்க்கிறேன். அதன் உயிர்நிலை எங்கே இருக்கிறது என்று பிடிபட்டதும் உள்ளே போய் ஒரே அடி. பிறகு கழுத்து நரம்பை அறுத்து வாளியில் ரத்தத்தைப் பிடிக்கிறேன். எனக்கு வேண்டியது அந்த ரத்தம் மட்டும்தான். மாடு எந்த உருவத்தில் இருந்தது என்பதைப் பற்றி எனக்குக் கவலை இல்லை. இதைக் கேட்டு இடாமி கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, நீ சொல்வது சரியாக இருக்கலாம், ஆனால் கொல்லவும் முடியாமல், காயப்படுத்தவும் முடியாமல், கூடவே சேர்ந்து சாகவேண்டிய கதைகளும் உலகத்தில் இருக்கின்றன என்று சொன்னார்.

நாவலைப் படமாக்கும்போதெல்லாம் நம் ஊரில் ஒரு சண்டை வரும், மூலத்துக்கு விசுவாசமா இல்லையா என்று. அந்தச் சண்டையில் நான் எந்தப் பக்கம் என்று எனக்கு நெடுநாள் தெளிவில்லாமல் இருந்தது. இந்தக் குருவும் சீடனும் பேசிக்கொண்டதைப் படித்தபிறகு, கேள்வியே வேறு என்று தோன்றியது. வேலிக்கு வெளியே எத்தனை நாள் நின்று பார்த்தாய் என்பதைத்தான் முதலில் கேட்க வேண்டும். ரத்தமா, கூடவே சாவா என்பது அதற்கப்புறம் அந்தந்தக் கதையைப் பொறுத்தது.

இடாமி 1946 செப்டம்பரில் இறந்துபோனார். ஹஷிமோடோ அவருடைய ஒரே சீடன். படம் எதுவும் எழுதாத சீடன். ஆனாலும் எழுதுவதை நிறுத்தவில்லை. ஜப்பானிய எழுத்தாளர் அகுதாகவாவின் சிறுகதை ஒன்றை எடுத்தார். மூங்கில் காட்டுக்குள் ஒரு சாமுராய் செத்துக் கிடக்கிறான். கொள்ளைக்காரன், சாமுராயின் மனைவி, ஆவியாக வந்து பேசும் செத்தவன் என்று மூவரும் மூன்று விதமாகச் சொல்கிறார்கள். அதைச் சிறிய திரைக்கதையாக எழுதிவைத்தார். இடாமியின் மனைவி, கணவரிடம் உதவி இயக்குநராக இருந்த கியோஷி சாயெகியிடம் ஹஷிமோடோவை அறிமுகப்படுத்திவைத்தார். சாயெகியின் மூலமாக அந்தத் திரைக்கதை குரோசாவாவின் கைக்குப் போனது.

குரோசாவா அழைத்தார். ஹஷிமோடோ ரயிலேறி டோக்கியோ போனார். பேச்சு ஓரிரு நிமிடம்தான். நீ எழுதியது படத்துக்கு நீளம் போதாதே என்றார் குரோசாவா. அப்படியானால் 'ரஷோமான்' கதையையும் சேர்த்துவிடட்டுமா என்று ஹஷிமோடோ வாயில் வந்துவிட்டது. அதுவும் அகுதாகவாவின் கதைதான், ஆனால் இதற்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை. குரோசாவா யோசித்துவிட்டு, சரி, எழுதிக் கொண்டுவா என்றார். ஊர் திரும்பிய பிறகுதான் ஹஷிமோடோவுக்கு, ஏன் அப்படிச் சொன்னோம் என்று தலையில் கைவைக்கத் தோன்றியிருக்கிறது. இரண்டையும் ஒட்டவைக்க அவர் பட்ட பாடு பெரிது. கடைசியில் குரோசாவா அதை எடுத்து, ரஷோமான் என்கிற பாழடைந்த நகரவாசலில் மழைக்கு ஒதுங்கியவர்கள் நடந்ததைப் பேசிக்கொள்வதாக மாற்றி, சம்பவத்தைப் பார்த்த விறகுவெட்டியின் நான்காவது வாக்குமூலத்தையும் கடைசியில் கைவிடப்பட்ட ஒரு கைக்குழந்தையையும் சேர்த்து முடித்தார். 1950 ஆகஸ்டில் படம் வந்தது. அடுத்த வருடம் வெனிஸ் திரைப்பட விழாவின் முதல் பரிசான தங்கச் சிங்கம் வாங்கியது. ஹஷிமோடோ அதன்பிறகுதான் கம்பெனி வேலையை விட்டுவிட்டு டோக்கியோவுக்குக் குடிபோனார்.

'ரஷோமான்' நம் ஊருக்கும் ஒரு விதை போட்டது. திரைப்பட விழாவில் அதைப் பார்த்த வீணை எஸ். பாலசந்தர் அந்த உத்தியை எடுத்துக்கொண்டு ஏ.வி.எம்.முக்காக இயக்கியதுதான் 'அந்த நாள்'. திரைக்கதை வசனம் ஜாவர் சீதாராமன். ஒரு பாட்டுகூட இல்லாத படம். சிவாஜி சுடப்பட்டுச் சாவதோடு தொடங்கும். விசாரணையில் ஒவ்வொருவரும் தன் பங்குக்குக் கதை சொல்வார்கள். ஜப்பானிய விமானம் சென்னையில் குண்டு போட்ட 1943ஆம் வருடத்து அக்டோபரில் கதை நடக்கிறது. ஜப்பானியப் படத்தின் உத்தியில், ஜப்பானுக்கு உளவு சொன்னவனின் சாவை விசாரிக்கிறார்கள். 1954 ஏப்ரல் 13 அன்று, தமிழ்ப் புத்தாண்டுக்கு முதல் நாள், அது வெளியானது. சரியாகப் பதின்மூன்று நாள் கழித்து ஜப்பானில் 'ஏழு சாமுராய்கள்' வெளியானது.

அதற்கு முன்னால் 'இகிரு' எழுதிய கதையைச் சொல்ல வேண்டும். குரோசாவா ஒரு காகிதத்தில் ஒரே ஒரு வரியைக் கொடுத்தார்: இன்னும் 75 நாள் மட்டுமே உயிரோடு இருக்கப்போகும் ஒரு மனிதன். அந்த மனிதனை நகராட்சி அலுவலகத்து நாற்காலியில் கொண்டுபோய் உட்காரவைத்து முதல் பிரதியை எழுதியவர் ஹஷிமோடோ. அடுத்த கட்டத்துக்கு ஹகோனே மலையில் ஒரு விடுதி. குரோசாவாவும் ஹஷிமோடோவும் ஏற்கனவே பல பக்கங்கள் எழுதி முடித்திருந்தார்கள். மூன்றாவது ஆளான ஹிடியோ ஒகுனி தாமதமாக வந்து சேர்ந்தார், எல்லோரையும்விட மூத்தவர். எழுதியவரை வாசித்துப் பார்த்துவிட்டு, இது சரியாக வரவில்லை, வதனாபே பாதியிலேயே செத்துப்போனால் என்ன என்றார். குரோசாவாவுக்கு வந்த கோபத்தில் அதுவரை எழுதிய தாள்களைக் கிழித்துப்போட்டுவிட்டார். கிழித்த பிறகு மூவரும் முதலிலிருந்து எழுதினார்கள், ஒகுனி சொன்ன மாதிரியே.

ஆக, நான் தேடிப்போன அந்த யோசனை ஹஷிமோடோவுடையதாக இல்லை, ஒகுனியுடையது. இதை ஒளிக்காமல் நினைவுக்குறிப்புகளில் எழுதிவைத்தவர் ஹஷிமோடோ. எண்பதைத் தாண்டிய பிறகு, மற்றவர்கள் எல்லோரும் போய்ச்சேர்ந்த பிறகு எழுதிய புத்தகம் அது. அந்தப் பெருமையைத் தன் பெயரில் எழுதிக்கொண்டிருந்தால் மறுத்துச் சொல்ல ஒருவரும் இல்லை. அவர் எழுதிக்கொள்ளவில்லை. அவர்மேல் எனக்கு மரியாதை கூடியது அந்த இடத்தில்தான்.

அடுத்தது 'ஏழு சாமுராய்கள்'. அது முதலில் வேறு படம். ஒரு சாமுராயின் ஒரே ஒரு நாள்: காலையில் எழுகிறான், கோட்டைக்கு வேலைக்குப் போகிறான், ஏதோ ஒரு தவறு செய்கிறான், வீடு திரும்பி வயிற்றைக் கிழித்துக்கொண்டு சாகிறான். ஹஷிமோடோ நூலகமே கதியென்று மாதக்கணக்கில் தேடினார். போர்களைப் பற்றி எழுதிவைத்திருக்கிறார்கள். சாதாரண நாளில் ஒரு சாமுராய் என்ன செய்தான் என்று யாரும் எழுதிவைக்கவில்லை. மத்தியானம் சாப்பிட்டானா? அந்தக் காலத்தில் ஒருநாளைக்கு இரண்டு வேளையா, மூன்று வேளையா? மூன்று வேளை என்றால் வீட்டிலிருந்து கட்டுச்சோறு கொண்டுபோனானா, கோட்டையில் போட்டார்களா? உறுதியான பதில் கிடைக்கவில்லை. இதை எழுதமுடியாது என்று போய்ச் சொல்லிவிட்டார். குரோசாவா கடும் கோபப்பட்டார். ஆனாலும் கைவிட்டார்கள்.

மத்தியானச் சாப்பாட்டு விஷயம் தெரியாமல் போனதற்காக ஒரு படத்தையே விடுவார்களா என்று கேட்கலாம். உட்கார்ந்து சாப்பிடும் காட்சியை நம்பி எழுதமுடியாவிட்டால் வயிற்றைக் கிழிக்கும் காட்சியை யார் நம்புவார்கள்? நாம் சரித்திரப் படம் எடுக்கும்போது வாளின் கைப்பிடியைப் பற்றிக் கவலைப்படும் அளவுக்கு, ராஜராஜன் காலத்துப் போர்வீரன் காலையில் என்ன தின்றான் என்று கவலைப்பட்டிருக்கிறோமா என்று யோசித்துப் பார்க்கிறேன்.

பிறகு வாள்வித்தை மேதைகளின் வாழ்க்கைகளைக் கோத்து ஒரு கதை எழுதிப் பார்த்தார்கள். உச்சக்கட்டத்துக்குமேல் உச்சக்கட்டமாக வந்தது, அதுவும் நிற்கவில்லை. அப்போதுதான் ஒரு சின்னக் கேள்வி வந்தது. வித்தை பழகுவதற்காக ஊர் ஊராகச் சுற்றிய போர்வீரர்கள் கையில் காசில்லாமல் எப்படிப் பிழைத்தார்கள்? தயாரிப்பாளர் சோஜிரோ மோட்டோகி விசாரித்துக்கொண்டு வந்தார். போர்க்காலத்தில் நாடெங்கும் கொள்ளைக்காரர்கள். இரவு காவல் நின்றால் எந்தக் கிராமத்திலும் சோறு போட்டுத் தங்க இடம் கொடுப்பார்கள். அப்படியானால் விவசாயிகள் சாமுராய்களைக் கூலிக்கு அமர்த்துவார்கள் என்றால்? கதை கிடைத்துவிட்டது. முதல் கதையை மடக்கிப்போட்டதும் சோற்றுக் கேள்விதான், இந்தக் கதையைக் கொண்டுவந்து கொடுத்ததும் சோற்றுக் கேள்விதான்.

அதாமியில் கடலோர விடுதி ஒன்றில் மூவரும் ஒரே மேஜையைச் சுற்றி உட்கார்ந்து எழுதினார்கள். ஒரே காட்சியைக் குரோசாவாவும் ஹஷிமோடோவும் தனித்தனியாக எழுதுவார்கள். ஒகுனி பேனாவைத் தொடமாட்டார். இருவரும் நீட்டும் தாள்களைப் படிப்பார். அவர் தலையாட்டினால்தான் அந்தப் பக்கம் நிற்கும். ஒருநாள்கூட ஓய்வு கிடையாது. திரைக்கதை எழுதுவது மாரத்தான் ஓட்டம் மாதிரி, எல்லைக்கோட்டை நிமிர்ந்து பார்க்காதே, குனிந்து இரண்டடி முன்னால் உள்ள தரையை மட்டும் பார்த்துக்கொண்டு ஓடு என்பது குரோசாவாவின் கட்டளை. 207 நிமிடப் படம் அப்படித்தான் பிறந்தது. எழுபது வருடமாக உலகம் முழுக்க எத்தனையோ பேர் அதைத் திருப்பி எடுத்துவிட்டார்கள்.

குரோசாவாவைத் தாண்டியும் ஹஷிமோடோவுக்கு ஒரு பெரிய வாழ்க்கை உண்டு. என் மனதில் அதிகம் நிற்பது அந்தப் பகுதிதான். அவருடைய படங்களை வரிசையாகப் பார்த்தால் ஒரு கூடம் திரும்பத் திரும்ப வருவது தெரியும். யாரோ ஒருவர் அங்கே எழுந்து நடந்ததைச் சொல்வார். கேட்கும் அதிகாரம் உள்ளவர்கள் எதிரே உட்கார்ந்திருப்பார்கள். 'ரஷோமா'னில் அது நீதிமன்றத்தின் மணல் முற்றம். 'இகிரு'வில் எழவு வீடு. 1956இல் தடாஷி இமாய்க்கு எழுதிய 'நடுப்பகல் இருட்டு' படத்தில் உண்மையான கோர்ட்டு. யமகுச்சி மாகாணத்தில் ஒரு வயோதிகத் தம்பதி கொலையான வழக்கு. பிடிபட்ட ஒருவன் மற்ற நால்வரையும் இழுத்துவிட்டான். வழக்கு உச்ச நீதிமன்றத்தில் நிலுவையில் இருக்கும்போதே, அந்த நால்வரும் நிரபராதிகள் என்று வெளிப்படையாகச் சொல்லிப் படம் வந்தது. இன்னும் உச்ச நீதிமன்றம் இருக்கிறது என்று குற்றம் சாட்டப்பட்டவன் கத்துவதோடு படம் முடியும். நிஜத்தில் அவர்கள் விடுதலையானது 1968இல்தான். படம் வந்து பன்னிரண்டு வருடம் கழித்து.

'ஹரகிரி'யை எத்தனை தடவை பார்த்தேன் என்ற கணக்கு என்னிடம் இல்லை. 1962, மசாகி கோபயாஷி இயக்கம். பிழைப்பற்றுப்போன சாமுராய் ஒருவன் ஈயி குலத்தாரின் மாளிகைக்கு வந்து, உங்கள் முற்றத்தில் வயிற்றைக் கிழித்துக்கொள்ள அனுமதி வேண்டும் என்கிறான். முற்றத்தில் வெள்ளைப் பாய் விரித்தாகிவிட்டது. அவன் சாவதற்கு முன்னால் ஒரு கதை சொல்கிறேன் என்று தொடங்குகிறான். கொஞ்சம் கொஞ்சமாக, இதே முற்றத்தில் மூங்கில் கத்தியால் சாகவைக்கப்பட்ட இளைஞன் தன் மருமகன் என்பது வெளிவருகிறது. படத்தின் முதல் காட்சியிலும் கடைசிக் காட்சியிலும் அந்தக் குலத்தின் நாட்குறிப்பு வாசிக்கப்படுகிறது. கடைசியில் அந்தக் குறிப்பு என்ன சொல்கிறது? வந்தவன் முறைப்படி வயிற்றைக் கிழித்துக்கொண்டு இறந்தான். அவன் கையால் வெட்டுப்பட்டுச் செத்தவர்கள் எல்லோரும் நோயால் இறந்தார்கள். ரத்தத்தைக் கழுவிவிட்டார்கள். இரண்டு மணி நேரம் நாம் கேட்ட எதுவும் ஏட்டில் இல்லை.

பெரியப்பாவின் குடும்ப ஓய்வூதியத்துக்காக அவருடைய பணிப்பதிவேட்டின் நகலை வாங்கிப் பார்க்க வேண்டியிருந்தது. சேர்ந்த தேதி, ஊதிய உயர்வு, ஈட்டிய விடுப்பு, ஒரு தடவை விளக்கம் கேட்கப்பட்டது, ஓய்வுபெற்ற தேதி. நான்கு பஸ் பயணங்களை அதில் எங்கே எழுதுவார்கள்? அந்த அம்மாள் பந்தலுக்கு வராமல் போயிருந்தால் எங்களுக்கும் தெரிந்திருக்காது.

1974இல் வந்த 'மணல் கோட்டை' அவருடைய பொறுமைக்குச் சாட்சி. செய்ச்சோ மட்சுமோடோவின் துப்பறியும் நாவல், 1960-61இல் தொடராக வந்தது. ஹஷிமோடோவும் யோஜி யமடாவும் அப்போதே திரைக்கதை எழுதிவிட்டார்கள். ஸ்டூடியோ அதைக் கிடப்பில் போட்டது. பத்து வருடத்துக்கு மேல் காத்திருந்து, கடைசியில் ஹஷிமோடோ சொந்தத் தயாரிப்பு நிறுவனம் தொடங்கி அதைப் படமாக்கினார். இயக்கம் யோஷிதாரோ நோமுரா. தொழுநோய் வந்ததால் ஊரைவிட்டு வெளியேறிய ஒரு தகப்பன், கூடவே ஆறேழு வயது மகன். கடலோரமாகப் பிச்சையெடுத்துக்கொண்டே நடக்கிறார்கள். நாவலில் இந்தப் பயணம் விரிவாக வராது. அவர்கள் எப்படி நடந்துபோனார்கள் என்பது அந்த இருவருக்கு மட்டும்தான் தெரியும் என்கிற மாதிரி ஓரிரு வரியில் கடந்துவிடும். ஹஷிமோடோ கண்ட உயிர்நிலை அந்த வரிதான். படத்தின் கடைசிப் பகுதி முழுவதையும் அதற்குக் கொடுத்தார்.

அதை அவர் கட்டிய விதத்தைப் பாருங்கள். ஒருபக்கம் போலீஸ் கூட்டத்தில் துப்பறிவாளர் எழுந்து, கதையில் வரும் கொலைக்குக் காரணத்தை விளக்கிக்கொண்டிருக்கிறார். இன்னொரு பக்கம், இப்போது புகழ்பெற்ற இசையமைப்பாளனாகிவிட்ட அந்த மகன், மேடையில் பியானோ வாசிக்கிறான். நடுவில், பனியிலும் வெயிலிலும் நடந்துகொண்டே இருக்கும் தகப்பனும் பிள்ளையும், வசனமே இல்லாமல். புன்ராகு என்கிற ஜப்பானியப் பொம்மலாட்டத்தில் கதை பாடுபவரும் ஷமிசென் என்ற தந்தி வாத்தியம் வாசிப்பவரும் மேடையின் ஓரத்தில் உட்கார்ந்திருப்பார்கள், நடுவில் பொம்மைகள் அசையும். அந்த ஏற்பாடுதான் இது என்று ஹஷிமோடோவே சொல்லியிருக்கிறார். சின்ன வயதில் எங்கள் ஊர்க் கோயில் கொடையில் தோல்பாவைக்கூத்து பார்த்திருக்கிறேன். திரைக்குப் பின்னால் ஒரே ஆள் எல்லாப் பாத்திரத்துக்கும் குரல் கொடுப்பார். நிழல் மட்டும் முன்னால் அழும். 'மணல் கோட்டை'யின் அந்தப் பகுதியை முதல் தடவை பார்த்தபோது அந்தக் குரல்தான் காதில் வந்தது. இடாமி சொன்ன, கூடவே சேர்ந்து சாகவேண்டிய கதை ஹஷிமோடோவுக்கு இதுதானோ என்று எனக்குத் தோன்றும்.

அதற்கப்புறம் பனிமலையில் சிக்கிச் செத்த ராணுவத்தினரைப் பற்றிய 'ஹக்கோதா மலை' 1977இல் பெரிய வெற்றி. 1982இல் தானே இயக்கிய 'மாய ஏரி' படுதோல்வி. அதோடு அவர் பெரும்பாலும் ஒதுங்கிக்கொண்டார்.

ஒரு கதை மட்டும் அவரை விடவில்லை. 1958இல் அவர் தொலைக்காட்சிக்கு எழுதிய நாடகம், 'நான் சிப்பியாக வேண்டும்'. ஊரில் முடிவெட்டும் கடை வைத்திருக்கும் ஒரு சாதாரணன் போருக்கு இழுத்துப்போகப்படுகிறான். பிடிபட்ட அமெரிக்க விமானியைத் துப்பாக்கி ஈட்டியால் குத்தச் சொல்லி மேலதிகாரி உத்தரவு. இவன் கை நடுங்கிக் கையில்தான் காயம் போடுகிறான். போர் முடிந்து கடையில் பழையபடி முடிவெட்டிக்கொண்டிருக்கும்போது போர்க்குற்றவாளி என்று பிடித்துப்போகிறார்கள். மறுபடி ஒரு கூடம், மறுபடி ஒரு விசாரணை. உத்தரவை மறுக்கும் உரிமை சிப்பாய்க்குக் கிடையாது என்று அவன் சொல்வது எதிரே உட்கார்ந்திருப்பவர்களுக்கு விளங்கவில்லை. தூக்கு. கடைசிக் கடிதத்தில் எழுதுகிறான்: மறுபிறவி என்று ஒன்று இருந்தால் மனிதனாக வேண்டாம், மாடாகவும் குதிரையாகவும் வேண்டாம், அவற்றையும் மனிதன் வதைப்பான். ஆழ்கடலின் அடியில் பாறையில் ஒட்டிக்கொண்டிருக்கும் சிப்பியாக வேண்டும். அங்கே போர் இல்லை, பட்டாளம் இல்லை, பெண்டாட்டி பிள்ளையைப் பற்றிய கவலையும் இல்லை.

ஜப்பானே அழுதது என்பார்கள். அடுத்த வருடம் அதை ஹஷிமோடோவே சினிமாவாக இயக்கக் கிளம்பினார். அதுதான் அவர் இயக்கிய முதல் படம். திரைக்கதையைக் குரோசாவாவிடம் காட்டினார். குரோசாவா படித்துவிட்டு, ஏதோ போதவில்லை, இதை வைத்து இவன் சிப்பியாக முடியாதே என்றார். என்ன போதவில்லை என்று அவர் விளக்கவில்லை. ஹஷிமோடோவும் கண்டுபிடிக்கவில்லை. படம் அப்படியே வந்தது.

குரோசாவா 1998இல் இறந்தார். அதன் பிறகு பத்து வருடம் கழித்து அந்தக் கதையை மறுபடி படமாக்கினார்கள். தொண்ணூறு வயது ஹஷிமோடோ, ஐம்பது வருடத்துக்கு முன்னால் தான் எழுதிய திரைக்கதையை எடுத்து முதல் தடவையாகத் திருத்தினார். அந்த முடிவெட்டுகிறவனும் அவன் மனைவியும் ஒன்றாகச் சேர்ந்த பழைய கதையைச் சேர்த்தார். கணவனைக் காப்பாற்றக் கருணை மனுவில் கையெழுத்துக் கேட்டு, பனியில் வீடு வீடாக நடந்துபோகும் மனைவியைச் சேர்த்தார்.